பபூன் மாமாவும் மறுபாதியும்: ஓலைப்பெட்டி நிறைய கேசட், இரண்டு குடும்பம்

சாயல்குடி, மூக்கையூர், வாலிநோக்கம், ஏர்வாடி என்று மன்னார் வளைகுடாவை ஒட்டிய ஊர்களில் ஐம்பது வயதைத் தாண்டிய யாரிடமாவது நாடகப் பேச்சை எடுத்துப் பாருங்கள். வள்ளியாக வந்தது யார், முருகனாக வந்தது யார் என்பதெல்லாம் அப்புறம்தான். பபூன் (கோமாளி) யார், டான்ஸ் (அவரோடு ஆடிப்பாடி வாயாடும் பெண்) யார் என்றுதான் முதலில் கேட்பார்கள். அப்படிக் கேட்டு ஆள் சேர்த்த ஒரு ஜோடியின் கேசட்டுகளை, பபூன்காரரின் அக்கா மகன் காப்பாற்ற இறங்கினார். அந்த வேலை எங்கே போய் முட்டியது, எப்படி வழிக்கு வந்தது என்பதை இங்கே எழுதுகிறேன். கேசட்டுகளைக் கம்ப்யூட்டரில் ஏற்றிக் கொடுத்தவன் நான், அதனால் இரண்டு வீட்டுப் பேச்சும் என் காதில் விழுந்தது. ஆள் பெயர், சொந்த ஊர் எதையும் போடவில்லை. ஏன் என்பது போகப்போகத் தெரியும்.

நாடகம் பார்த்துப் பழக்கமில்லாதவர்களுக்காகக் கொஞ்சம் பின்னணி. நாடக ஆசிரியர் சங்கரதாஸ் சுவாமிகள் (1867–1922) வழியில் வந்த வள்ளி திருமணம், பவளக்கொடி போன்ற நாடகங்களை எங்கள் பக்கம் கோயில் திருவிழாக்களில் இன்னும் போடுகிறார்கள். இரவு பத்து மணிக்கு மேல் தொடங்கி விடிகிற வரை நடக்கும். இதில் கம்பெனியும் கிடையாது, ஒத்திகையும் கிடையாது. ராஜபார்ட் (கதாநாயகன்) ஒரு ஊர், ஸ்திரீபார்ட் (கதாநாயகி) இன்னொரு ஊர், ஆர்மோனியம் வேறு ஊர். ஆளாளுக்குத் தனித்தனியாக அட்வான்ஸ் வாங்கிக்கொண்டு அன்று ராத்திரி மேடைக்குப் பின்னால்தான் முகத்தைப் பார்த்துக்கொள்வார்கள். கதையும் பாட்டும் எல்லோருக்கும் தெரியும் என்பதால் வண்டி ஓடிவிடும். கிறிஸ்தவக் கரையூர்களில் திருவிழா என்றால் ஞானசௌந்தரி நாடகம் போடுவதும் உண்டு. எந்த நாடகமாக இருந்தாலும் முன்பகுதி காமெடிக்குத்தான். பபூன் முதலில் தனியாக வந்து, ஆர்மோனியக்காரரையும் மிருதங்கக்காரரையும் வம்புக்கு இழுத்து, பாடி, கூட்டத்தை உட்கார வைப்பார். பிறகு டான்ஸ் வருவார். வழியில் போகும் பெண்ணை ஒருத்தன் மறிக்கிறான், வாய்ச்சண்டை, போட்டிப்பாட்டு, கடைசியில் காதல். பெரும்பாலும் இதுதான் காட்சி. எழுதி வைத்த வசனம் குறைவு, அன்றைக்கு அந்த ஊரைப் பார்த்து வாயில் வருவதுதான் அதிகம்.

ஆள் ஆளாகப் பேசி வரவழைக்கும் இந்த முறையில் பபூனும் டான்ஸும் நிலையான ஜோடியாக இருக்க வேண்டும் என்று எந்தக் கட்டாயமும் இல்லை. ஆனால் நான் சொல்கிற இருவரையும் விழாக் கமிட்டிக்காரர்கள் சேர்த்துத்தான் கேட்பார்கள். "ரெண்டு பேருக்கும் தேதி ஒண்ணா இருந்தா சொல்லுங்க, இல்லாட்டி நாங்க திருவிழா நாடகத்த மறுநாளுக்கு மாத்திக்கிறோம்" என்று ஏஜென்டிடம் சொன்ன ஊர்கள் உண்டு என்று பழைய ஆட்கள் சொல்கிறார்கள். கொஞ்சம் மிகையாகக்கூட இருக்கலாம், ஆனால் படம் போட்ட நாடக நோட்டீஸ்கள் அதைத்தான் காட்டுகின்றன. ராஜபார்ட் மாறுகிறார், வள்ளி மாறுகிறார், கீழே வட்டத்துக்குள் அந்த இரண்டு முகங்கள் மட்டும் பக்கத்தில் பக்கத்தில் அப்படியே இருக்கின்றன. அவர்கள் கணவன் மனைவி இல்லை. தனித்தனிக் குடும்பம், தனித்தனிச் சாதி. மேடையை விட்டு இறங்கினால் வேறு வேறு பஸ். இந்த ஒரு விஷயம் பின்னால் எல்லாச் சிக்கலுக்கும் காரணமாக வந்து நின்றது.

கேசட்டுகள் எப்படி வந்தன? நாடகத்துக்காரர்கள் யாரும் பதிவு செய்து வைத்துக்கொள்ளவில்லை. செய்தது மைக்செட்காரர்கள். மேடை மைக்கிலிருந்து ஆம்ப்ளிஃபயருக்கு வருவதை ஒரு ஒயர் இழுத்து டேப் ரிக்கார்டரில் பிடித்து வைப்பார்கள். அடுத்த கல்யாண வீட்டில், காதுகுத்தில், ரேடியோ (ஒலிபெருக்கி) கட்டும்போது கூட்டம் சேர்க்க அதைப் போடுவார்கள். டீக்கடைக்காரர் கேட்டால் ஒரு காப்பி போகும். பபூன்காரர் அப்படி யார் யாரிடமோ கேட்டு வாங்கிச் சேர்த்ததுதான் ஒரு பெரிய பனையோலைப் பெட்டி நிறைய இருந்தது. அவர் இறந்த பிறகு அக்கா வீட்டுப் பரணுக்குப் போனது. வீடு கடலிலிருந்து கூப்பிடு தூரம்.

கடலோரத்தில் கேசட் வைத்திருந்தவர்களுக்கு மீதியைச் சொல்ல வேண்டியதில்லை. உப்புக்காற்றில் முதலில் போவது திருகாணி. கேசட்டின் ஐந்து திருகாணிகளும் துருவேறிப் போய் ஸ்க்ரூடிரைவர் வைத்தால் தலை மழுங்குகிறது. அடுத்து, உள்ளே ஒரு சின்னத் தகட்டின் மேல் ஒட்டியிருக்கும் பஞ்சு. நாடாவை ஹெட்டோடு (நாடாவிலிருந்து சத்தத்தை எடுக்கும் பாகம்) அழுத்திப் பிடிப்பது அதுதான், பசை காய்ந்து விழுந்துவிட்டால் சத்தம் வந்து வந்து போகும். மூன்றாவது பூஞ்சை. ஜன்னல் வழியாகப் பார்த்தால் நாடாச் சுருளின் விளிம்பில் வெள்ளை வெள்ளையாகத் தெரியும். அதை அப்படியே பிளேயரில் போட்டால் ஹெட் முழுக்க அழுக்கு, அடுத்த கேசட்டுக்கும் அது பரவும். பெட்டியைத் திறந்ததும் தம்பி (பபூன்காரரின் அக்கா மகனை நான் அப்படித்தான் கூப்பிடுவேன்) ஆசையாக ஒன்றை எடுத்து பிளேயரில் போடப் போனார். பிடுங்கி வைக்க வேண்டியிருந்தது.

செய்த வேலையைச் சுருக்கமாகச் சொல்கிறேன், இதே நிலையில் பெட்டி வைத்திருப்பவர்கள் நிறையப் பேர் இருப்பீர்கள். பூஞ்சை பிடித்ததையும் பிடிக்காததையும் முதலில் தனியாகப் பிரித்தோம். பிடித்ததைக் காய்ந்த இடத்தில் வைத்து, பிறகு திறந்து, விளிம்பைத் துடைத்து, நாடாவை மட்டும் புதுக் கேசட்டின் பிளாஸ்டிக் ஓட்டுக்கு மாற்றினோம். திருகாணி இல்லாமல் ஒட்டி மூடிய ஓடுகளை உடைத்தே ஆக வேண்டும், வேறு வழி கிடையாது. 90 நிமிடக் கேசட்டின் நாடா 60 நிமிடத்தினுடையதைவிட மெல்லியது, கை கொஞ்சம் அவசரப்பட்டால் இழுபட்டுவிடும். ஓட விடுவதற்கு முன் ஒவ்வொன்றையும் ஒரு முறை கடைசி வரை சுற்றி, திரும்பச் சுற்றி வைப்பது நல்லது. ஹெட்டுக்குப் பக்கத்தில் இருக்கும் சின்னத் திருகாணியைக் கேசட்டுக்குக் கேசட் லேசாகத் திருப்பி, ஜால்ராச் சத்தம் எப்போது தெளிவாக வருகிறதோ அங்கே நிறுத்த வேண்டும். ஒவ்வொரு மைக்செட்காரரின் டேப் ரிக்கார்டரும் ஒவ்வொரு கோணத்தில் பதிவு செய்திருக்கும், நம்முடையதை அதற்குத் தக்கபடி சாய்ப்பதுதான் இந்த வேலை. பதிவை 48 கிலோஹெர்ட்ஸ், 24 பிட், வேவ் கோப்பாக எடுத்தோம். மோனோதான் என்பதால் 90 நிமிடம் ஏறக்குறைய 780 எம்பி வருகிறது. இடத்தை மிச்சம் பிடிக்கிறேன் என்று நேரடியாக எம்பித்ரீயாக எடுக்காதீர்கள், வேவ் கோப்பை எம்பித்ரீயாக எப்போது வேண்டுமானாலும் மாற்றிக்கொள்ளலாம்.

வேகம்தான் தலைவலி. கேசட் நொடிக்கு 4.76 செ.மீ. ஓட வேண்டும், பழைய டேப் ரிக்கார்டர்கள் அவரவர் இஷ்டத்துக்கு ஓடியிருக்கின்றன. சில கேசட்டில் பபூன்காரர் சின்னப் பையன் குரலில் பேசுகிறார். கரண்டில் ஓடியிருந்தால் பதிவின் அடியில் ஒரு இரைச்சல் இருக்கும், நம் ஊர் மின்சாரம் 50 ஹெர்ட்ஸ், அந்த இரைச்சலை 50க்குக் கொண்டுவந்தால் வேகம் சரியாகிவிடும். ஆனால் பாதி ஊரில் ஜெனரேட்டர். ஜெனரேட்டரின் 50 எப்போதும் 50 ஆக இருக்காது. அங்கே கைகொடுத்தது ஆர்மோனியம். அந்த ஆர்மோனியக்காரர் எந்தக் கட்டையில் (சுருதியில்) வாசிப்பார் என்பது தெரிந்ததால், ஐந்து கட்டை என்றால் ஜி என்ற கணக்கை வைத்து ஓரளவுக்கு இழுத்து நிறுத்தினோம்.

சரி, இனி விஷயத்துக்கு வருகிறேன்.

தம்பியின் நோக்கம் தெளிவாக இருந்தது. மாமாவின் பெயர் நிலைக்க வேண்டும். கோப்புகளுக்கெல்லாம் "மாமா காமெடி" என்றுதான் பெயர் வைத்தார். நீளமாகப் போட்டால் யாரும் கேட்க மாட்டார்கள் என்று, மாமா பேசும் நல்ல வரிகளை மட்டும் வெட்டி, அரை நிமிடத் துண்டுகளாக்கி, குடும்ப வாட்ஸ்அப் குழுவில் போட்டார். "அருமை", "மாமாவ நேர்ல பாத்த மாதிரி இருக்கு" என்று சொந்தக்காரர்கள் எழுதினார்கள். யாரும் சிரிக்கவில்லை. குழுவுக்கு வெளியே போட்டதை யாரும் கண்டுகொள்ளவே இல்லை.

ஏன் என்பதற்கு ஒரு துண்டே போதும். வாலிநோக்கம் பக்கத்து ஊர் ஒன்றில் பிடித்த கேசட் இது. டான்ஸ்காரம்மா நடந்து வருகிறார், பபூன் மறிக்கிறார்.

"எந்த ஊரு தாயி?"

"தெக்க."

"தெக்க கடல்ல இருக்கு!"

"அப்ப கடலுக்கு வடக்க."

"கடலுக்கு வடக்க நான்ல நிக்கிறேன்!"

"அதான் ஊர மறைக்குது. கொஞ்சம் தள்ளி நில்லுங்க."

தம்பி வெட்டி எடுத்தது "நான்ல நிக்கிறேன்" வரை. மாமாவின் வரி அங்கே முடிகிறது. கூட்டம் சிரிப்பதோ அதற்கு அடுத்த வரிக்கு, அதுவும் சும்மா சிரிப்பு இல்லை, மைக்கே திணறுகிற அளவுக்கு. இது ஒரு கேசட்டில் மட்டும் இல்லை. முழுசாகக் கேட்கக் கேட்கத் தெரிந்தது, பெரிய சிரிப்புகளில் பாதிக்கு மேல் டான்ஸ்காரம்மாவின் பதிலுக்கு விழுகின்றன. பபூன் ஏற்றிக்கொண்டே போகிறார், இந்த அம்மா ஒரு தட்டில் இறக்கிவிடுகிறார்.

இன்னொன்று இதைவிடச் சுவாரசியம். தொண்டிப் பக்கம் பிடித்த கேசட்டில் இதே காட்சி வருகிறது. அங்கே கடல் கிழக்கே. டான்ஸ்காரம்மா "கெழக்க" என்று தொடங்குகிறார், பபூன் உடனே "கெழக்க கடல்ல இருக்கு" என்று பின்னாலேயே போகிறார். திசையை முடிவு செய்கிறவர் டான்ஸ்காரம்மாதான். பார்ப்பதற்குப் பபூன் ஆட்டுவிக்கிற மாதிரி இருக்கிற காட்சியில், கயிறு இந்த அம்மா கையில் இருந்திருக்கிறது. வேறு ஒரு டான்ஸோடு மாமா இதே காட்சியைச் செய்த கேசட்டும் பெட்டியில் உண்டு. வரிகள் அச்சாக அதேதான். அந்தப் பெண் கடைசி வரியை ஒரு கணம் நிறுத்திச் சொல்லாமல் உடனே சொல்லிவிடுகிறார். கூட்டத்தில் ஒரு சத்தமும் இல்லை, ஏதோ ஒரு குழந்தை அழுவது மட்டும் கேட்கிறது.

ஜோடிக் காமெடி எங்கேயும் இப்படித்தான் என்று நினைக்கிறேன். எங்கள் மாவட்டத்துக்காரர், முதுகுளத்தூர் பக்கம் இளஞ்செம்பூரில் பிறந்த செந்தில், கவுண்டமணியோடு 1989இல் கரகாட்டக்காரனில் செய்த வாழைப்பழக் காட்சியை எடுத்துக்கொள்ளுங்கள். கவுண்டமணியின் கோபத்தை மட்டும் தனியாக வெட்டினால் யாரோ ஒருவர் பழத்துக்காகக் கத்துகிறார், அவ்வளவுதான். செந்திலின் பதிலை மட்டும் வெட்டினால் அதுவும் இல்லை.

என்.எஸ்.கிருஷ்ணன்–டி.ஏ.மதுரம் ஜோடியின் கதை இதற்கு நேர் எதிரான பாடம். 1944 கடைசியில் பத்திரிகையாளர் லட்சுமிகாந்தன் கொலை வழக்கில் கலைவாணர் சிறைக்குப் போனார், 1947இல்தான் விடுதலையாகி வந்தார். அந்த இடைக்காலத்தில் வழக்குச் செலவுக்கு அலைந்து, என்.எஸ்.கே. பெயரிலேயே நாடக சபாவையும் நடத்தியவர் அவர் மனைவி மதுரம். ஜோடியின் பெயரைக் காப்பாற்ற முதலில் நின்ற உறவுக்காரர் அந்த ஜோடியின் மறுபாதியே. பின்னால் வருகிற மகன், பேரன், மருமகனுக்கு அந்த வசதி கிடையாது. அவர்கள் கையில் இருப்பது ஒரு வீட்டின் பாசம் மட்டும். கெட்ட எண்ணமே வேண்டாம், அந்தப் பாசமே மற்றவரை வெட்டிவிடும்.

(சம்பந்தம் இருக்கிறதோ இல்லையோ, கலைவாணர் இறந்தது 1957 ஆகஸ்ட் 30. ஹாலிவுட் காமெடி ஜோடி லாரல்–ஹார்டியில் ஹார்டி இறந்தது அதே மாதம் 7ஆம் தேதி. ஹார்டி போன பிறகு லாரல் திரும்ப நடிக்கவே இல்லை.)

டான்ஸ்காரம்மாவும் இப்போது இல்லை. அவருடைய மகள் மதுரைப் பக்கம் அரசு வேலையில் இருக்கிறார். கேசட்டுத் துண்டு ஒன்று கைமாறிக் கைமாறி அவருக்கே போய்ச் சேர்ந்தது, கூடவே பழைய நோட்டீஸிலிருந்து எடுத்த அம்மாவின் படமும். போன் வந்தது. தம்பி எதிர்பார்த்தது நன்றி. வந்தது வேறு.

"அண்ணே, உங்க மாமா பேரு உங்களுக்குப் பெருமையா இருக்கலாம். எங்கம்மா ராத்திரி ராத்திரி ரோட்டுல நின்னு பஸ் ஏறிப்போன பேச்சக் கேட்டுத்தான் நான் படிச்சேன். என் புள்ளைகளுக்கு ஆச்சி நாடகத்துல இருந்தாங்கன்னே தெரியாது. யாரக் கேட்டுப் போட்டீங்க?"

இதில் பதில் சொல்ல ஒன்றும் இல்லை. நாடகத்தில் ஆணுக்கும் பெண்ணுக்கும் கிடைத்த பெயர் ஒன்றல்ல. பபூன்காரர் ஊருக்குள் வந்தால் டீ வாங்கிக் கொடுத்து உட்கார வைப்பார்கள். டான்ஸ் ஆடிய பெண்ணுக்கு வாடகைக்கு வீடு கிடைப்பதே கஷ்டம். மேடையில் ஒரே கைதட்டலை இரண்டு பேரும் வாங்கியிருக்கலாம், இறங்கிய பிறகு ஒருவர் வீட்டுக்குப் போனது புகழ், இன்னொருவர் வீட்டுக்குப் போனது பேச்சு. அந்தக் காட்சிகளில் இரட்டை அர்த்த வசனமும் நிறைய உண்டு, மறைக்க வேண்டியதில்லை. அதைப் பேசிய ஆண் குறும்புக்காரன், பதில் சொன்ன பெண்ணுக்கு வேறு பெயர்.

தம்பிக்கு முதலில் கோபம்தான். "மாமா கேசட், மாமா பெட்டி, நான் காசு போட்டு ஏத்துறேன்" என்றார். பெட்டி மாமாவுடையதுதான், சந்தேகமில்லை. உள்ளே இருக்கிற குரல் இரண்டு பேருடையது. சட்டமும் அப்படித்தான் பார்க்கிறது. நிகழ்த்துகிறவருக்கு என்று தனி உரிமை, நம் பதிப்புரிமைச் சட்டத்தில் 1994 திருத்தத்தில் வந்தது. அந்தச் சட்டம் நிகழ்த்துநர் என்று நடிகர், பாடகர், இசைக்கலைஞர், நடனமாடுபவர் எல்லோரையும் பட்டியல் போட்டு, கழைக்கூத்தாடி, பாம்பாட்டி வரைக்கும் சேர்த்திருக்கிறது. பபூனுக்கு ஒன்று, டான்ஸுக்குக் கீழே ஒன்று என்று அதில் படிநிலை கிடையாது. 1999இல் அந்த உரிமைக் காலம் 25 ஆண்டிலிருந்து 50 ஆண்டாக நீண்டது. 2012 திருத்தத்தில், தன் நிகழ்த்துதலுக்குத் தன்னை அடையாளம் காட்டச் சொல்லவும், பெயருக்குக் கெடுதல் வரும்படி அதைத் திரித்தால் தடுக்கவும் உரிமை சேர்ந்தது. கோர்ட்டுக்குப் போகிற விஷயம் இல்லை இது என்றாலும், இதைப் படித்துக் காட்டியபோது தம்பி சத்தம் குறைந்தார்.

போட்டதையெல்லாம் எடுத்தார். பிறகு நேரில் போனார், அம்மாவையும் கூட்டிக்கொண்டு. அது நல்ல யோசனை. பபூன்காரரின் அக்காவுக்கு அந்த டான்ஸ்காரம்மாவைத் தெரியும், வீட்டுக்கு வந்து சாப்பிட்டுப் போனவர். இரண்டு பெண்கள் உட்கார்ந்து பேசியதில்தான் விஷயம் நகர்ந்தது, தம்பி பேசியதில் அல்ல. என்னைக் கேட்டால், காப்பாற்றுகிற வேலையில் இறங்குகிறவர் பெட்டியைத் திறப்பதற்கு முன்னாலேயே மறுபாதியின் வீட்டுக்குப் போயிருக்க வேண்டும். இங்கே கடைசியில்தான் போனார்கள். பெரும்பாலும் அப்படித்தான் நடக்கிறது.

மகள் முழுக் கேசட் ஒன்றை முதன்முதலாகக் கேட்டார். அம்மா மேடையில் பேசி அவர் கேட்டதே இல்லையாம், அழைத்துப் போக மாட்டார்களாம். "கடலுக்கு வடக்க" இடம் வந்தபோது சிரித்துவிட்டார். அதோடு எல்லாம் சரியாகிவிட்டது என்று சொல்ல மாட்டேன். சினிமாவில்தான் அப்படி. அடுத்த கேசட்டில் மோசமான இரட்டை அர்த்தம் வந்ததும் எழுந்து போய்விட்டார்.

பல வாரப் பேச்சுக்குப் பிறகு முடிவானது இது. முழுப் பதிவும் வெட்டாமல் இரண்டு வீட்டிலும் ஆளுக்கொரு ஹார்ட் டிஸ்க்கில் இருக்கும். வெளியே போடுவதாக இருந்தால் இரண்டு வீடும் கேட்டு ஒப்புக்கொண்ட காட்சிகள் மட்டும். நோட்டீஸ் படம் வேண்டாம், குரல் மட்டும் போதும். "மாமா காமெடி" என்ற பெயர் போய், இரண்டு பேரின் மேடைப் பெயரும் ஒரே வரியில் வரும். இதில் நான் பிடிவாதமாக நின்ற ஒரு இடம், காட்சிக்குள் கத்தரி வைக்கக் கூடாது என்பது. ஒரு காட்சி போடத் தகாது என்றால் முழுசாக விட்டுவிடலாம், நடுவில் நாலு வரியை எடுத்துவிட்டு மீதியைப் போட்டால், பின்னால் கேட்பவர் அதுதான் நடந்தது என்று நம்புவார். மகளும் இதற்குச் சரி என்றார், அவர் காரணம் வேறு: "எங்கம்மா அசிங்கமா பேசுனா பேசுனதா இருக்கட்டும், வீட்டுக்குள்ள. நாளைக்கி நல்லவங்களா மாத்திட்டாங்கன்னு யாரும் சொல்லக் கூடாது."

அவரிடமிருந்து ஒரு பாட்டு நோட்டு வந்தது. கோடு போட்ட நாற்பது பக்க நோட்டு, டான்ஸ்காரம்மாவின் கையெழுத்து. போட்டிப்பாட்டுகளில் இரண்டு பக்க வரிகளையும், அதாவது பபூன் பாட வேண்டியதையும் அவரே எழுதி வைத்திருக்கிறார். ஓரத்தில் ஊர்ப் பெயர், எந்த ஊரில் எதைச் சொல்லக் கூடாது என்ற குறிப்பு. ஒரு ஊரில் பஞ்சாயத்துத் தலைவருக்கு ஒரு கால் ஊனம், அங்கே நொண்டிப் பாட்டு வேண்டாம் என்று எழுதியிருக்கிறது. தம்பி அந்த நோட்டை ரொம்ப நேரம் புரட்டினார். மாமா அன்றன்றைக்கு வாயில் வருவதைப் பேசுவார் என்றுதான் வீட்டில் சொல்லி வளர்த்திருக்கிறார்கள்.

வீட்டில் கிடப்பதைக் குறைவாக எடைபோடாதீர்கள் என்பதற்கு வெளியூர் உதாரணம் ஒன்று. இங்கிலாந்தில் எரிக் மோர்க்கம்–எர்னி வைஸ் என்ற ஜோடி, அந்த ஊரின் கவுண்டமணி–செந்தில் என்றே வைத்துக்கொள்ளுங்கள். அவர்களுடைய 1970ஆம் வருட நிகழ்ச்சி ஒன்று பிபிசியிடமே இல்லாமல் போய்விட்டது. டேப் விலை அதிகம் என்று அழித்து அழித்து மறுபடி பயன்படுத்திய காலம் அது. எரிக்கின் மகன் குடும்ப வீட்டுப் பரணில் அதன் பிரதியைக் கண்டெடுத்தார், 2021 கிறிஸ்துமஸ் அன்று பிபிசி அதை ஒளிபரப்பியது. எங்கள் பெட்டியிலும் அதே கதை உண்டு. வள்ளி திருமணம் என்று எழுதிய கேசட்டுகளில் சில, முதல் பத்து நிமிடம் நாடகம் ஓடி, திடீரென்று சினிமாப் பாட்டாக மாறிவிடுகின்றன. யாரோ மைக்செட்காரருக்குக் கல்யாண வீட்டுக்குப் பாட்டு தேவைப்பட்டிருக்கிறது. அவரைக் குறை சொல்ல முடியுமா, புதுக் கேசட் வாங்கக் காசு வேண்டாமா?

இப்போதைய நிலைமை. முதல் சுற்றில் இரண்டு வீடும் ஒப்புக்கொண்ட சில காட்சிகள் முழு நீளத்தில் வெளியே போயிருக்கின்றன. மீன்பிடித் தடைக்காலத்தில், ஏப்ரல் 15 முதல் 61 நாள் விசைப்படகுகள் கரையில் நிற்கும்போது, வலை பின்னுகிற இடங்களில் போனில் ஓடுவதாகத் தம்பி சொல்கிறார். அரை மணி நேரக் காட்சியை யாரும் கேட்க மாட்டார்கள் என்று பயந்தவர் அவர்தான். பூஞ்சை ஏறிய கேசட்டுகள் கொஞ்சம் பாக்கி, அவை தென்மேற்குப் பருவத்தில் அடிக்கும் கச்சான் காற்று அடங்கிய பிறகுதான். மகள் தன் பிள்ளைகளிடம் இன்னும் சொல்லவில்லை. சொல்வதா வேண்டாமா என்பது அவர் பாடு.

போன மாதம் அந்த மிருதங்கக்காரரின் மகன் கூப்பிட்டார். எல்லாக் காட்சியிலும் பபூன் வம்பிழுப்பது தன் அப்பாவைத்தான் என்றும், பதிலுக்கு அப்பா மிருதங்கத்தில் தட்டும் தட்டுக்குத்தான் பாதிச் சிரிப்பு என்றும், பெயர் போடும் இடத்தில் அப்பா பெயர் எங்கே என்றும் கேட்டார். திரும்பப் போட்டுக் கேட்டேன். அவர் சொல்வது சரிதான். தலைப்பு வரிகளை எல்லாம் மாற்றி எழுதிக்கொண்டிருக்கிறோம்.